எழுதியவர் யார்?

குறும்படம் எடுக்கும் இளைஞர்கள் தங்கள் திரைப்பிரதியைப் பார்த்துத் தரச் சொல்லி என்னிடம் வருவார்கள். எந்தக் கமெரா, எந்த லென்ஸ், யார் நடிக்கிறார்கள் என்பதெல்லாம் முடிவாகியிருக்கும். பிரதி மட்டும் ஆறு பக்கம், அதிலும் பெரும்பகுதி வசனம். வாசித்தால், யாழ்ப்பாணத்து அம்மா சென்னைப் படத்து அம்மாவைப் போலப் பேசுவார். எழுத்துக்கு நேரம் கொடுக்காமல் நம் இலங்கைக்கென்று ஒரு சினிமா வராது.

சிங்களச் சினிமாவும் இப்படித்தான் தொடங்கியது. 1947இல் வந்த முதல் சிங்களப் பேசும் படமான ‘கடவுனு பொரொந்துவ’ தென்னிந்தியாவில் எடுக்கப்பட்டது. பிறகும் பல வருடங்கள் கதையமைப்பு, பாட்டு, சண்டை எல்லாம் அங்கிருந்தே வந்தன. 1956இல் ‘ரேகாவ’ மூலம் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் கமெராவைக் கிராமத்துக்குக் கொண்டுபோனார். அதை எல்லோரும் சொல்வோம். 1963இல் அவர் எடுத்த ‘கம்பெரலிய’வின் திரைக்கதை ரெஜி சிறிவர்தனவுடையது என்பதை எத்தனை பேர் சொல்கிறோம்?

மூலம் மார்ட்டின் விக்கிரமசிங்கவின் நாவல். ஒரு பழைய குடும்பம் மெல்லச் சரிவதை நாவலாசிரியர் பக்கம் பக்கமாக விளக்கலாம், கதாநாயகி நந்தாவின் மனசுக்குள் போய் எழுதலாம். திரைக்கதையாசிரியருக்கு அந்த வசதி இல்லை. எந்த நினைப்பைப் பார்வையாக்குவது, எதை மௌனமாக விடுவது, பிடித்த அத்தியாயம் எதை வெட்டுவது என்று ஒவ்வொன்றாக முடிவெடுக்க வேண்டும். 1965இல் டெல்லித் திரைப்பட விழாவில் தங்க மயில் விருது பெற்ற அந்தப் படத்தின் நிதானத்துக்குள் இந்த உழைப்பும் இருக்கிறது.

தமிழில் என் மனசுக்கு நெருக்கமானது 1970களின் பிற்பகுதியில் வந்த ‘பொன்மணி’. இயக்கியவர் சிங்களவரான தர்மசேன பத்திராஜ. எழுதியவர் காவலூர் ராசதுரை. யாழ்ப்பாணத்துச் சாதியையும் சீதனத்தையும் உள்ளிருந்து அறிந்த ஒருவர் எழுதாமல் அந்தப் படம் சாத்தியமே இல்லை என்பது என் எண்ணம். அன்று அது ஓடவில்லை. ஆனாலும் ஈழத்துத் தமிழ்ச் சினிமா பற்றிப் பேச்சு வந்தால் அதைத் தாண்டிப் போக முடிவதில்லை.

சரி, எழுதுகிறவர்களுக்கு ஒரு விஷயம். வாய்ப்பேச்சை நம்பிப் பிரதியைக் கொடுத்துவிட்டு, திரையில் என் பெயரைத் தேடிக்கொண்டு உட்கார்ந்திருந்தவன் நான். அந்த வலி இன்னும் போகவில்லை. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி, நீங்கள் சொந்தமாக எழுதிய பிரதிக்கு எழுதியபோதே பதிப்புரிமை வந்துவிடுகிறது. பதிவு செய்யத் தேவையில்லை. உங்கள் ஆயுட்காலத்துக்கும் அதன்பின் 70 வருடங்களுக்கும் அது இருக்கும். ஆனால் வெறும் யோசனைக்கு இந்தப் பாதுகாப்பு கிடையாது. தேத்தண்ணிக் கடையில் சொன்ன கதைக்கு அப்புறம் உரிமை கேட்க முடியாது. அதனால் முதலில் எழுதுங்கள். ஒவ்வொரு வரைவையும் திகதியோடு வைத்திருங்கள். கையளிப்பதற்கு முன், கதை, திரைக்கதை, வசனம் மூன்றுக்கும் யார் பெயர் வரும், பணம் எப்போது என்று ஒரு பக்கத்திலாவது எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். நண்பர்தானே என்று விட்டுவிடாதீர்கள். நான் பிரதி கொடுத்ததும் நண்பரிடம்தான்.