‘விண்வெளி நேரம்’ வேண்டாம், காலவெளி போதும்

ஐன்ஸ்டைனைப் பற்றித் தமிழில் வரும் காணொளிகளில் ‘விண்வெளி நேரம் வளைகிறது’ என்று கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. இப்போது இங்கே மொரீஷியஸில் தமிழ் படிக்கும் நம் பிள்ளைகளும் அதையே எழுதுகிறார்கள். சொல்ல வந்த பொருளையே கெடுக்கிற சொல் அது.

மூலத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1908இல் ஜெர்மனியின் கொலோன் நகரில் கணிதவியலாளர் ஹெர்மான் மின்கோவ்ஸ்கி ஆற்றிய உரையில், இடமும் காலமும் தனித்தனி இல்லை, இரண்டும் சேர்ந்த ஒன்றுதான் நிலையானது என்றார். அதைத்தான் ஆங்கிலத்தில் ஸ்பேஸ்டைம் என்கிறோம், தமிழில் காலவெளி. 1915இல் ஐன்ஸ்டைன் ஈர்ப்பை அதற்குள் கொண்டுவந்தார். பொருளும் ஆற்றலும் காலவெளியை வளைக்கின்றன, அந்த வளைவுக்குள் எல்லாம் தன் நேர்வழியில் போவதுதான் நமக்கு ஈர்ப்பாகத் தெரிகிறது.

சரி, குழப்பம் எங்கே வருகிறது? நாம் பேசுகிற கிரியோலில் இரண்டு வீட்டுக்கு நடுவே உள்ள இடமும் லெஸ்பாஸ்தான், ராக்கெட் போகிற இடமும் லெஸ்பாஸ்தான். பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் இதே கதை. தமிழில் அந்தச் சிக்கலே கிடையாது, இடம், வெளி, விண்வெளி என்று தனித்தனியாக வைத்திருக்கிறோம். கையில் மூன்று சொல் இருக்கும்போது பொருந்தாத ஒன்றைத் தேடிப்பிடித்துப் போட்டால் கோபம் வராமல் என்ன செய்யும்? விண்வெளி என்பது சுமார் 100 கிலோமீட்டர் உயரத்துக்கு மேலே. காலவெளியோ நீங்கள் உட்கார்ந்திருக்கும் அறையிலும் இருக்கிறது. முற்றத்தில் லிச்சிப்பழம் உதிர்வதற்கும் காலவெளியின் வளைவுதான் காரணம், அதிலும் பெரும்பங்கு காலத்தின் வளைவு. பூமியை நெருங்க நெருங்கக் கடிகாரம் மெதுவாக ஓடும். நம் பிளாக் ரிவர் சிகரம் 828 மீட்டர். அதன் உச்சியில் ஒரு கடிகாரத்தையும் கடற்கரையில் ஒன்றையும் வைத்தால், உச்சியில் இருப்பது நாளொன்றுக்குச் சுமார் 8 நானோநொடி முந்தும், அதாவது ஒரு நொடியை நூறு கோடியாகப் பிரித்தால் அதில் எட்டுப் பங்கு. இதில் விண்வெளிக்கு என்ன வேலை?

‘வெளிநேரம்’ என்று எழுதுகிறவர்களும் உண்டு. அவர்கள் பாதி சரி, விண்ணையாவது விட்டுவிட்டார்கள். ஆனால் வெளிநேரம் என்றால் வெளியே போகிற நேரம் என்றுதான் முதலில் காதில் விழுகிறது. அப்புறம், நேரம் என்பது கடிகாரத்தைப் பார்த்து ‘மணி என்ன’ என்று கேட்பதோடு ஒட்டியது. காலம் அதைவிட அகன்ற சொல். மூலத்தில் இடம் முன்னால் இருக்கிறதே, தமிழில் ஏன் காலம் முன்னால் என்று கேட்பார்கள். தமிழ்த் தொடரில் கடைசியில் நிற்பதுதான் தலைச்சொல். மணல்வெளி, புல்வெளி மாதிரி காலவெளி என்றால் காலத்தையும் உள்ளடக்கிய பரப்பு என்று தானே விளங்கிவிடுகிறது. வேற்றுமொழியின் வரிசையை எண்ணிப் பார்த்து அடுக்குவது மொழிபெயர்ப்பே ஆகாது. மொழிபெயர்க்கிறவர்கள் வாக்கியத்தை ஒருமுறை வாய்விட்டுப் படித்திருந்தால் இதில் பாதி வந்திருக்காது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். ‘கருந்துளையின் புவியீர்ப்பு’ என்று ஒரு பாடக்குறிப்பில் பார்த்தேன். புவி என்றால் பூமி, கருந்துளையில் பூமி எங்கே வந்தது? ஈர்ப்பு என்றாலே இழுப்பதுதானே, ஐன்ஸ்டைன் சொன்னதில் இழுவை இல்லையே என்று சிலர் அந்தச் சொல்லையே மாற்றப் பார்க்கிறார்கள். ஆங்கிலத்தில் சொல்கிற கிராவிட்டியின் லத்தீன் மூலத்துக்குப் பாரம் என்று பொருள், அதுவும் வளைவைச் சொல்வதில்லை. ஈர்ப்பு நன்றாகப் பழகிய சொல், இருக்கட்டும். ஐன்ஸ்டைனைப் பற்றி எழுதும்போது அதன் பின்னால் ‘விசை’ மட்டும் சேர்க்காதீர்கள்.