மழை ஜாக்கெட்டைத் தூக்கிப் போடாதீர்கள், துவையுங்கள்

வேலூரில் சலவைக்கடை வைத்திருக்கிறேன். கம்மவான்பேட்டைப் பக்கம் விடுப்பில் வரும் ராணுவத்தினர், இமயமலை டிரெக்கிங் போய்வந்த கல்லூரிப் பிள்ளைகள், ஜவ்வாது மலைக்கு பைக் ஓட்டுகிறவர்கள் எனப் பலரும் விலையுயர்ந்த மழை ஜாக்கெட்டோடு வருகிறார்கள். எல்லாருக்கும் ஒரே புகார்: “தண்ணி உள்ள எறங்குதுண்ணா.”

பெரும்பாலும் மழை இறங்குவதில்லை. அது அவர்களுடைய வியர்வைதான்.

இந்த ஜாக்கெட்டுகளின் கோர்டெக்ஸ் வகைத் துணிக்குள் மெல்லிய சவ்வு ஒன்று உண்டு. 1969இல் பாப் கோர் என்ற அமெரிக்கப் பொறியாளர், சூடாக்கிய டெஃப்லானை (ஒட்டாத தோசைக்கல்லில் பூசுகிற அதே பொருள்) வெடுக்கென்று இழுத்தபோது பிறந்த பொருள். அதன் நுண்துளையில் மழைத்துளி நுழையாது, வியர்வை ஆவி வெளியேறிவிடும். மேல்துணியில் தண்ணீர் ஒட்டாமல் உருண்டோட ஒரு பூச்சும் இருக்கும். இந்தப் பூச்சு சோர்ந்தால் மேல்துணி ஊறிப்போகும். ஊறிய துணியைத் தாண்டி ஆவி எப்படிப் போகும்? சவ்வு நன்றாகவே இருக்கும், ஆள் மட்டும் தெப்பலாக நனைந்திருப்பார்.

தோள்பட்டையில் ஒரு ஸ்பூன் தண்ணீர் விட்டுப் பாருங்கள். முத்துமுத்தாக ஓடினால் சரி. கருத்துப் படர்ந்தால் பூச்சு போச்சு. பையின் வார் உரசும் தோளிலும், தேங்காய் எண்ணெய் இறங்கிய காலரிலும்தான் முதலில் படரும்.

துவைத்தால் கெட்டுவிடும் என்று பயந்து வருடக்கணக்கில் மூட்டைகட்டி வைக்கிறார்கள். கெடுப்பது அந்த அழுக்கும் எண்ணெயும்தான். அதைவிட மோசம், வாசனைக்காக ஊற்றும் கண்டிஷனர். சோப்புத்தூளும் வேண்டாம், நம் ஊர் உப்புத் தண்ணீரில் அது சரியாகக் கரையாமல் துணியில் படிந்துவிடும். ட்ரைக்ளீனிங் கேட்டால் நான் மறுத்துவிடுவேன்.

ஜிப்பெல்லாம் மூடி, வெதுவெதுப்பான தண்ணீரில் துணிக்கான லிக்விட் டிடர்ஜென்ட் கொஞ்சமாக விட்டுத் துவையுங்கள். நுரை அடியோடு போகும்வரை அலசுங்கள், கடைசி அலசல் நல்ல தண்ணீரில். முறுக்கிப் பிழியாமல் நிழலில் காயவிடுங்கள். காய்ந்தபின் சூடு காட்டவேண்டும். பலரும் விட்டுவிடுவது இதைத்தான். உள்லேபிள் அனுமதித்தால், மேலே பருத்தித்துணி விரித்து, ஆவி இல்லாமல் மிதமான சூட்டில் இஸ்திரி போடுங்கள். சோர்ந்த பூச்சு பெரும்பாலும் எழுந்துகொள்ளும். எழவில்லையென்றால், இதற்கென்றே விற்கும் ஸ்பிரே அடிக்கலாம்.

உட்புறம் பொருக்குப் பொருக்காக உரிகிறதென்றால் அதற்கு வைத்தியம் இல்லை. சாதா ரெயின்கோட்டுக்கும் இது பொருந்தாது. அது முதல் நாளிலிருந்தே மூச்சு விடாது.

இன்னொன்று. வெளியே குளிர்ந்து காய்ந்த காற்று இருந்தால்தான் ஆவி வேகமாக வெளியேறும். ஐப்பசி மழையில் இங்கே புழுங்கும்போது மணாலியில் கிடைத்த சுகத்தை எதிர்பார்க்காதீர்கள். அக்குளில் ஜிப் இருந்தால் திறந்துவிட்டு ஓட்டுங்கள்.