கொலை, போதைப்பொருள் வழக்குகளில் பிணை: எந்த நீதிமன்றம் தரும், எதைப் பார்த்துத் தரும்?

வீட்டில் ஒருவரைப் பொலிஸ் பிடித்தால் சட்டத்தரணியிடம் ஓடுவது வழமை. ஓடமுன் ஒன்றை அறிந்துகொள்ளுங்கள். பொலிஸார் நீதவானுக்குக் கொடுத்த ‘பி’ அறிக்கையில் எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவு எழுதியிருக்கிறது? பிணை தரும் அதிகாரம் எந்த நீதிமன்றத்துக்கு என்பது அந்த இலக்கத்தில்தான் தங்கியிருக்கிறது.

தண்டனைச் சட்டக்கோவையின் 296 என்றால் கொலை. மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கக்கூடிய குற்றங்களுக்கு, 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி, மேல் நீதிமன்ற நீதிபதிதான் பிணை தரலாம். மல்லாகத்திலோ பருத்தித்துறையிலோ தவணைக்குத் தவணை நீதவானிடம் கேட்டுப் பயனில்லை. விளக்கமறியல் நீடிக்கப்படும், அவ்வளவுதான். மனு யாழ்ப்பாணம் மேல் நீதிமன்றத்துக்குப் போகவேண்டும். 300, அதாவது கொலை முயற்சி, என்றால் நீதவானே பிணை தரலாம். ஆனால் வெட்டுப்பட்டவர் ஆஸ்பத்திரியில் இறந்துவிட்டால் 300 என்பது 296 ஆக மாறக்கூடும். மாறினால் நீதவானுக்கு அந்த அதிகாரம் இல்லை.

போதைப்பொருள் வழக்கில் கணக்கே வேறு. நஞ்சு, அபின், அபாயகர ஔடதங்கள் கட்டளைச் சட்டத்துக்கு 2022இல் வந்த 41ஆம் இலக்கத் திருத்தத்தின்படி, மரண அல்லது ஆயுள் தண்டனைக்குரிய வழக்கில் தூய அளவு (கலப்பு நீக்கிய போதைப்பொருளின் நிறை) 10 கிராமோ அதற்கு மேலோ என்றால் கொழும்பிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றம் மட்டுமே பிணை தரலாம். குறைவென்றால் மேல் நீதிமன்றம். பிடிபட்ட பொதியின் நிறையையும் தூய அளவையும் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். 25 கிராம் தூள் பிடிபட்டு, அரச பகுப்பாய்வாளர் அறிக்கையில் தூய அளவு 8 கிராம் என்று வரலாம். அதனால் அந்த அறிக்கை வந்துவிட்டதா என்று தவணைதோறும் கேளுங்கள். எந்த நீதிமன்றமானாலும் ‘விதிவிலக்கான சூழ்நிலை’ காட்டவேண்டும். அது என்னவென்று சட்டம் பட்டியல் போடவில்லை. “பிள்ளைகள் சின்னன், உழைக்க ஆளில்லை” என்பது அநேகமாக எடுபடாது; அது எல்லா வீட்டிலும் உள்ளதுதானே என்பார்கள். மறியலில் வைத்துப் பார்க்கமுடியாத நோய், அதற்கு வைத்திய அறிக்கை, குற்றப்பத்திரம் வராமல் இழுபடும் காலம் போன்றவற்றுக்குக் கூடுதல் மதிப்பு உண்டு.

இந்தப் போதைப்பொருள் வழக்குகளைப் போலவே பயங்கரவாதத் தடைச் சட்ட வழக்குகளுக்கும் பிணைச் சட்டம் பொருந்தாது.

பிணைச் சட்டத்தின் கீழ் வரும் வழக்குகளில் பிணை கொடுப்பதே விதி, மறுப்பது விலக்கு. மறுக்க 14ஆம் பிரிவு காரணங்களை வரையறுக்கிறது: தவணைக்கு வராமல் தலைமறைவாவாரா, சாட்சிகளையோ சான்றையோ குழப்புவாரா, வெளியே வந்து இன்னொரு குற்றம் செய்வாரா, குற்றத்தின் பாரதூரமும் மக்களின் எதிர்ப்பும் சேர்ந்து ஊரில் அமைதிக்குலைவு வருமா. ஆள் குற்றவாளியா இல்லையா என்பது இந்தக் கட்டத்தில் தீர்க்கப்படுவதில்லை. ஆகவே மனுவில் “அவர் அப்பாவி” என்று பக்கம் பக்கமாக எழுதுவதைவிட இந்தக் கேள்விகளுக்குப் பதில் எழுதுவது மேல். முறைப்பாட்டாளர் அதே ஒழுங்கையில் இருக்கிறாரா? அப்படியென்றால் வழக்கு முடியும்வரை வவுனியாவில் சித்தி வீட்டில் தங்குவார் என்று முகவரியோடு சொல்லுங்கள். வெளிநாட்டுக்குப் போய்விடுவார் என்று அரச தரப்பு ஆட்சேபித்தால், கடவுச்சீட்டை ஒப்படைக்கத் தயார் என்று சொல்லுங்கள்.

மேல் நீதிமன்றத்துக்கு மனுவும் சத்தியக்கடதாசியும், நீதவான் நீதிமன்ற வழக்கேட்டின் உறுதிப்படுத்திய பிரதிகளும் வேண்டும். சட்டமா அதிபருக்கு அறிவித்தல் போய், அவர் தரப்புப் பதில் வரத் தவணைகள் போகும். பழைய குற்றத்தீர்ப்பு, நிலுவையிலுள்ள வேறு வழக்கு, முன்னர் மறுக்கப்பட்ட பிணை எதையும் மறைக்காதீர்கள். பொலிஸ் அறிக்கையில் அது வரும். வந்தால் சத்தியக்கடதாசியில் உள்ள மற்ற எதையும் நீதிபதி நம்பமாட்டார்.

பிணை மறுத்தால் காரணத்தை நீதிமன்றம் எழுத்தில் தரவேண்டும். அந்தக் கட்டளையின் பிரதியை எடுத்து வையுங்கள். அடுத்த மனுவுக்கு அதுதான் அத்திவாரம்.

தண்டனை பெறாத ஒருவரைப் பிணைச் சட்டத்தின்படி, கைதான நாளிலிருந்து 12 மாதத்துக்கு மேல் வைத்திருக்க முடியாது. சட்டமா அதிபர் கேட்டால் மேல் நீதிமன்றம் ஒருமுறைக்கு மூன்று மாதத்துக்கு மேற்படாமல், மொத்தம் இன்னும் 12 மாதம் நீடிக்கலாம். நாள் முடிந்ததும் கதவு தானாகத் திறக்காது; மனுப் போடவேண்டும். சட்டத்தரணிக்குக் காசில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம்.

கட்டளை கிடைத்த நாளிலும் ஆள் வீடு வராமல் போவதுண்டு, பிணையாளிகளால். 5 இலட்சம் ரூபா சரீரப் பிணை என்றால் அந்தக் காசை அன்றே கட்டுவதில்லை. ஆள் தலைமறைவானால் பிணையாளி கட்டவேண்டும். காசுப்பிணை வேறு, அதை நீதிமன்றத்தில் வைப்பிலிடவேண்டும். கனடாவிலுள்ள அண்ணன் காசு அனுப்பலாம், பிணையாளியாக நிற்க முடியாது. நேரில் வந்து கையொப்பமிட வேண்டும். பிணையாளியின் அடையாள அட்டை, விதானையார் தந்து பிரதேச செயலாளர் மேலொப்பமிட்ட வதிவிட அத்தாட்சி, கேட்டால் வருமான அத்தாட்சி என்பவற்றை முதல்நாளே எடுத்துவிடுங்கள். முகவரி அடையாள அட்டையில் ஒன்றாகவும் அத்தாட்சியில் வேறாகவும் இருந்தால் பதிவாளர் திருப்பி அனுப்பலாம். வெள்ளிக்கிழமை பின்னேரம் அப்படி நடந்தால் திங்கட்கிழமை வரை மறியல்தான்.

வெளியே வந்தபின் ஞாயிறுதோறும் பொலிஸில் கையொப்பமிடும் நிபந்தனை இருந்தால் ஒன்றையும் தவறவிடாதீர்கள். ஆஸ்பத்திரியில் கிடந்தால் அனுமதிச் சீட்டோடு சட்டத்தரணி மூலம் நீதிமன்றத்துக்கு அறிவியுங்கள். பொலிஸில் வாயால் சொல்லிவிட்டு வந்தது பதிவில் இருக்காது.