காதல் காட்சிக்குச் சுருள் எழுத்து எதற்கு?

காமிக்ஸில் காதல் காட்சி வந்துவிட்டால் போதும், லெட்டரிங் செய்கிற, அதாவது வசனங்களைப் பக்கத்தில் எழுத்தாக அமைக்கிற, பலருக்கும் கை தானாகச் சுருள் சுருளான ஃபாண்ட் பக்கம் போய்விடுகிறது. சரிபார்க்க வரும் பக்கங்களில் நான் முதலில் எடுக்கச் சொல்வது அதைத்தான். 'இது காதல்' என்று எழுத்தே கத்திவிட்டால் ஓவியர் வரைந்த முகங்களுக்கு என்ன வேலை?

நெருக்கம் பெரும்பாலும் வசனக் குமிழிக்குள் விடுகிற வெள்ளை இடத்தில்தான் இருக்கிறது. "உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்" என்ற வசனத்தைக் குமிழி நிறையப் போட்டால் அது வெறும் தகவல். குமிழியைத் தொடாமல் எழுத்தை மட்டும் முக்கால் அளவுக்குக் குறைத்துப் பாருங்கள். சொல்கிறவருக்குத் தொண்டை அடைப்பது தெரியும். 'உன்கிட்ட' ஒரு குமிழியில், மிச்சம் சற்றுக் கீழே இன்னொன்றில், நடுவில் மெல்லிய இணைப்பு என்று வைத்தால் இடையில் ஒரு மூச்சு விழும். மிச்சத்தை அடுத்த படக் கட்டத்துக்கே தள்ளினால் தயக்கம் இன்னும் நீளும். கிசுகிசுப்புக்கு விட்டுவிட்டுப் போகும் கோட்டால் குமிழி வரைவது பழைய வழக்கம், இன்றும் பலிக்கிறது.

சண்டை என்றால், ஒருவர் குமிழியின் மேல் மற்றவருடையது ஏறி உட்காரட்டும். பிரியப் போகிறவர்களின் குமிழிகளைக் கட்டத்தின் இரண்டு ஓரங்களுக்கும் ஒதுக்குங்கள். ஆட்கள் ஒட்டி நின்றாலும், படிக்கிற கண் அந்தத் தூரத்தைக் கடந்தே ஆகவேண்டும்.

மனக்குரல் தனிக் கதை. 1947இல் ஜோ சைமனும் ஜாக் கிர்பியும் அமெரிக்காவில் தொடங்கிவைத்த காதல் காமிக்ஸ் வகையில், நாயகி தன் கதையைத் தானே சொல்லும் வரிகள் பெட்டிக்குள் வரும், நினைப்பு மேகக் குமிழிக்குள் வரும். இளம்பெண்களுக்கான ஜப்பானியக் காமிக்ஸான ஷோஜோ மங்காவிலோ அந்த வரிகள் குமிழியே இல்லாமல் கட்டங்களுக்கு மேலே மிதக்கும். யாரோ பேசிக் கேட்பதுபோல் இராது, நம் மனசுக்குள்ளேயே ஓடுவதுபோல் இருக்கும். எனக்கு அதுதான் பிடிக்கும். நெஞ்சு படபடக்கும் ஒலியையும் அவர்கள் படத்தின் பகுதியாகவே வரைந்துவிடுவார்கள்.

தமிழில் கூடுதலாக ஒரு சிக்கல் உண்டு: நம் சொற்கள் நீளம். குறுகிய குமிழியில் 'காத்துக்கொண்டிருந்தேன்' வந்தால் மென்பொருள் கண்ட இடத்தில் உடைத்து, 'தேன்' மட்டும் அடுத்த வரியில் தனியாகத் தொங்கும். உருக்கமான இடம் சிரிப்பாகிவிடும். குமிழியை அகலமாக்குங்கள். இடமில்லை என்றால், 'காத்திருந்தேன்' போதுமா என்று கதாசிரியரிடம் கேட்டுவிடுங்கள். பெரும்பாலும் சரி என்றுதான் சொல்வார்.