எமுலேட்டர்: முன்மாதிரி அன்று

பழைய கேம்பேடை (கையில் பிடித்து விளையாடும் பொத்தான் கருவி) கணினி விளையாட்டுகளில் வேலைசெய்ய வைப்பது எப்படி என்று தமிழில் தேடினால், "கட்டுப்பாட்டாளர் முன்மாதிரி மென்பொருளை நிறுவவும்" என்ற வகை வரிதான் திரும்பத் திரும்பக் கண்ணில் படுகிறது. கட்டுப்பாட்டாளர் என்றால் கோப்பில் கையெழுத்திடும் அதிகாரிதான் நினைவுக்கு வருவார். கருவிக்குக் 'கட்டுப்படுத்தி' என்ற சொல் இருக்கிறது. சரி, அதையாவது சகித்துக்கொள்ளலாம். எமுலேட்டருக்கு, அதாவது இன்னொரு கருவியைப்போல நடந்து அதன் வேலையைச் செய்யும் நிரலுக்கு, முன்மாதிரி என்று பெயர் வைத்ததைத்தான் சகிக்க முடியவில்லை.

எமுலேட்டரின் வேர் லத்தீன். 'ஏமுலஸ்' என்றால் இன்னொருவருக்கு ஈடாக முயல்பவர், போட்டியாளர். கணினித் துறைக்குள் 1960களில் நுழைந்தது. ஐபிஎம் 1964இல் அறிவித்த சிஸ்டம்/360 வரிசையில், பழைய 1401 கணினிக்கு எழுதிய நிரல்களை ஓட்டும் வசதிக்கு இந்தப் பெயர்தான்.

இப்போது கேம்பேடுக்கு வருவோம். 2005இல் மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ் 360 விளையாட்டுக் கருவியின் கட்டுப்படுத்தியோடு, கட்டுப்படுத்தியும் விளையாட்டும் பேசிக்கொள்ள எக்ஸ்இன்புட் என்ற புது முறை வந்தது. அதன்பின் வந்த பல விளையாட்டுகளுக்கு அது மட்டுமே புரியும். டைரக்ட்இன்புட் என்ற முந்தைய முறையில் பேசும் பழைய கேம்பேடைச் செருகினால், விண்டோஸ் கண்டுகொள்ளும், விளையாட்டு கண்டுகொள்ளாது. எக்ஸ்360சிஇ போன்ற நிரல் இடையில் உட்கார்ந்து, பழைய பொத்தான் அழுத்தங்களை வாங்கி, எக்ஸ்பாக்ஸ் கட்டுப்படுத்தியிலிருந்து வருவதுபோல் விளையாட்டுக்குக் கொடுக்கும்.

இதில் முன்மாதிரி எது? பார்த்துப் பின்பற்றப்படுவதுதானே முன்மாதிரி? அப்படியானால் அது எக்ஸ்பாக்ஸ் கட்டுப்படுத்தி. நிரல் அதைப் பின்பற்றுகிறது. பின்பற்றுபவனுக்குப் பின்பற்றப்படுபவனின் பெயரைச் சூட்டிவிட்டார்கள். தலைகீழ். அகராதியில் 'முன்மாதிரியாகக் கொண்டு பின்பற்று' என்று இருந்ததில் முதல் சொல்லை மட்டும் உருவிக்கொண்டார்கள் போலும். போதாக்குறைக்கு, சோதனைக்காகச் செய்யும் முதல் வடிவத்துக்கும் முன்மாதிரி என்றே சொல்கிறோம். படிப்பவர் இன்னும் முடிவடையாத மென்பொருள் என்று எண்ணி ஒதுங்கிப் போனால் அவர்மேல் என்ன தவறு?

'போலி' என்பாரும் உண்டு. இலக்கணத்தில் அது அழகான சொல். பந்தல் பந்தர் ஆகும்போது லகரத்தின் இடத்தில் ரகரம் நிற்கிறது, பொருள் மாறுவதில்லை. எமுலேட்டர் செய்வதும் ஏறக்குறைய அதுவே. ஆனால் இன்றைய வழக்கில் போலி என்றால் கள்ளச்சரக்கு. 'போலிக் கட்டுப்படுத்தி' என்று எழுதினால் மலிவான நகல் கேம்பேடைத்தான் நினைப்பார்கள். 'பாவனை' என்று சொன்னாலோ தோற்றத்தோடு நின்றுவிடும். விமானம் ஓட்டிப் பழகும் திரைக்கு அது பொருந்தும், வேலையையே ஏற்றுச் செய்யும் நிரலுக்குப் பொருந்தாது.

என் தேர்வு 'போலச்செய் நிரல்'. போலச்செய்தல் இலக்கியத் திறனாய்வில் ஏற்கெனவே புழங்கும் சொல், கேட்டவுடன் பொருள் தெரியும். நீளம் என்பார்கள். கட்டுப்பாட்டாளர் முன்மாதிரி மென்பொருளைவிடவா நீளம்? அதுவும் வேண்டாம் என்றால் எமுலேட்டர் என்றே எழுதுங்கள். நிரலை ஒருமுறைகூடத் திறந்து பார்க்காமல் மொழிபெயர்ப்பவர்களின் தனித்தமிழை நம்பி, தவறான கோப்பை இறக்கிக்கொள்வதைவிட அது மேல்.