பகலில் ஊமை, இரவில் வாயாடி

"ஒரே ரேடியோ, ஒரே ஆன்டெனா. மத்தியானம் 80 மீட்டர் பேண்டைத் திருகினால் வெறும் இரைச்சல். ராத்திரி அதே இடத்தில் ஆயிரக்கணக்கான கிலோமீட்டருக்கு அப்பாலிருந்து ஆட்கள் பேசுகிறார்கள். என் ரேடியோ கெட்டுப்போய்விட்டதா?" ஹாம் வானொலியில், அதாவது உரிமம் வாங்கிப் பொழுதுபோக்காக வானொலியில் பேசிக்கொள்ளும் அமெச்சூர்களின் உலகத்தில், புதிதாக இறங்கியிருக்கும் வாசகர் ஒருவரின் கேள்வி. ரேடியோ நன்றாகத்தான் இருக்கிறது. மாறுவது வானம்.

அடிப்படை எல்லோருக்கும் தெரிந்ததுதான். ஒரு கம்பியில் எலக்ட்ரான்களை முன்னும் பின்னும் ஆட்டினால் மின்காந்த அலை கிளம்பும். அது போய்ச் சேரும் கம்பியில் உள்ள எலக்ட்ரான்களை லேசாக ஆட்டும். 300ஐ மெகாஹெர்ட்ஸில் சொல்லும் அதிர்வெண்ணால் வகுத்தால் அலைநீளம் மீட்டரில் வரும். 7 மெகாஹெர்ட்ஸுக்குக் கணக்குப்படி 43 மீட்டர். ஆனால் ஹாம்கள் அதையொட்டிய அலைவரிசைத் தொகுப்பை 40 மீட்டர் பேண்டு என்பார்கள். அப்படியே 3.5க்கு 80, 14க்கு 20, 28க்கு 10, 144க்கு 2. பெயர்கள் தோராயம், கம்பியின் நீளத்தில் மட்டும் தோராயம் உதவாது. 7 மெகாஹெர்ட்ஸுக்கு, பாதி அலைநீளத்துக்குச் சற்றுக் குறைந்த 20 மீட்டர் கம்பியை நடுவில் வெட்டி, அங்கே கேபிளை இணைத்தால் டைபோல் ஆன்டெனா தயார்.

144 மெகாஹெர்ட்ஸ் அலை பெரும்பாலும் நேர்க்கோட்டில் போய், தொடுவானத்தைத் தாண்டி விண்வெளிக்குள் தொலைந்துவிடும். அதை விட்டுவிடுவோம். திரும்பி வருகிற அலைகளிடம்தான் எனக்கு மயக்கம்.

சூரியனின் புற ஊதாக் கதிரும் எக்ஸ் கதிரும் மேல் காற்றின் அணுக்களிலிருந்து எலக்ட்ரான்களைப் பிய்த்தெடுக்கின்றன. அதுதான் அயனி மண்டலம். அதில் இரண்டு அடுக்குகளைப் பார்த்தால் நமக்குப் போதும்: 60 முதல் 90 கிலோமீட்டர் உயரத்தில் டி அடுக்கு; 200 கிலோமீட்டருக்கும் மேலே எஃப் அடுக்கு. வானொலி அலை உள்ளே நுழைந்ததும் அங்கே திரியும் எலக்ட்ரானைப் பிடித்து ஆட்டுகிறது. ஆடும் எலக்ட்ரான் சும்மா இருக்குமா? அதுவே ஒரு குட்டி ஆன்டெனா ஆகி, வாங்கிய ஆற்றலை அலையாகத் திருப்பி உமிழ்கிறது. மூல அலையோடு இந்த உமிழ்வு கலக்கும்போது, எலக்ட்ரான் எங்கே அடர்த்தியோ அங்கே அலையின் முகடு சற்று வேகமாக ஓடுகிறது. (ஒளியை விடவும் வேகமாக! ஐன்ஸ்டீன் கோபிக்க மாட்டார்; முகடு ஓடுவது வேறு, செய்தி போவது வேறு.) வண்டியின் வலது சக்கரம் மட்டும் வேகமாக உருண்டால் வண்டி இடப்பக்கம் திரும்பும் அல்லவா? சாய்வாக ஏறும் அலையின் மேல்பகுதி வேகம் எடுக்க, அலை கொஞ்சம் கொஞ்சமாகக் கீழ்நோக்கி வளைந்து பூமிக்கே திரும்புகிறது. எஃப் அடுக்கில் இப்படி ஒருமுறை வளைந்தால் 4,000 கிலோமீட்டர் வரை போகலாம். நிலத்திலோ கடலிலோ பட்டு எகிறினால் இன்னொரு தாவல்.

இப்போது டி அடுக்குக்கு வருவோம். அங்கேயும் எலக்ட்ரான் ஆடத்தான் செய்கிறது. ஆனால் அந்த உயரத்தில் காற்று நெரிசல் அதிகம். வாங்கிய ஆற்றலைத் திருப்பித் தருவதற்குள் எலக்ட்ரான் பக்கத்து மூலக்கூறில் போய் இடித்துக்கொள்கிறது. ஆற்றல் வெப்பமாகிப் போய்விடுகிறது. அதிர்வெண் குறையக் குறைய எலக்ட்ரானின் ஆட்டம் அகலமாகிறது, இழப்பும் கூடுகிறது. அதிர்வெண் பாதியானால் டெசிபல் கணக்கில் இழப்பு சுமார் நான்கு மடங்கு. அதனால்தான் 14 மெகாஹெர்ட்ஸ் பகலில் டி அடுக்கைத் துளைத்து மேலே போகிறது, 3.5 மெகாஹெர்ட்ஸ் அங்கேயே மூச்சடைத்துச் சாகிறது.

சூரியன் விழுந்ததும் அதே நெரிசல் நமக்குச் சாதகமாகிறது. டி அடுக்கின் எலக்ட்ரான்கள் சீக்கிரமே அயனிகளோடு சேர்ந்து அடங்கிவிடுகின்றன. எஃப் அடுக்கில் காற்று அரிது. அங்குள்ள எலக்ட்ரான்களில் கணிசமானவை விடியும்வரை தாக்குப்பிடிக்கும். வாசல் காவலாளி போய்விட்டான், மாடியில் விளக்கு எரிகிறது. வாசகர் இரவில் கேட்டது இதைத்தான்.

இதைக் கண்டுபிடித்த கதையில் ஒரு வேடிக்கை உண்டு. 1901இல் மார்கோனி அட்லாண்டிக்கைத் தாண்டி சமிக்ஞை கேட்டதாக அறிவித்தார். வளைந்த பூமியைச் சுற்றி அலை எப்படிப் போயிற்று என்பதற்கு, மேலே மின்கடத்தும் அடுக்கு ஒன்று இருக்க வேண்டும் என்று 1902இல் கென்னலியும் ஹெவிசைடும் தனித்தனியே சொன்னார்கள். 1924இல் பிரிட்டிஷ் இயற்பியலாளர் ஆப்பிள்டன் அதைச் சோதனையில் காட்டினார். 1947இல் நோபல் பரிசு பெற்றார். இதற்கிடையே 1912இல் அமெரிக்கச் சட்டம் அமெச்சூர்களை 200 மீட்டருக்கும் அதற்குக் குறைந்த அலைநீளங்களுக்கும் தள்ளியது. அந்தச் சிற்றலைகள் தூரம் போகாது, உதவாதவை என்பது அன்றைய நிபுணர்களின் முடிவு. 1923இல் ஏறக்குறைய 100 மீட்டர் அலையில் ஒரு பிரெஞ்சு ஹாமும் அமெரிக்க ஹாம்களும் அட்லாண்டிக்கின் இரு கரைகளிலிருந்து உரையாடிவிட்டார்கள். 'இந்த ஆய்வால் என்ன பயன்?' என்று முதல் பக்கத்திலேயே கேட்கும் நிதி விண்ணப்பங்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த 'உதவாத' அலைகள்தான் நினைவுக்கு வரும்.

சூரியனின் 11 ஆண்டுச் சுழற்சியும் இதில் கைவைக்கிறது. கரும்புள்ளிகள் மிகும் ஆண்டுகளில் 10 மீட்டர் பேண்டில் சில வாட் சக்தியே கடல் தாண்டும். அவை குறைந்த ஆண்டுகளில் அதே பேண்டு நாள்கணக்கில் செத்துக்கிடக்கும். சூரிய கிரகணத்தன்று விசேஷமாக ஏதோ கதிர் இறங்குகிறது என்பவர்களுக்கு ஒரு தகவல்: அப்போது வருகிற கதிர் குறைவு. டி அடுக்கு மெலிந்து, பட்டப்பகலில் தூரத்து நிலையங்கள் தலைகாட்டும்.

வாசகருக்கு ஒரு யோசனை. சூரியன் மறையும் நேரத்தில் 40 மீட்டர் பேண்டில் உட்காருங்கள். பகலுக்கும் இரவுக்கும் நடுவிலுள்ள அந்த அந்திக்கோட்டில் டி அடுக்கு கலைந்துகொண்டிருக்கும், எஃப் அடுக்கு இன்னும் தளராமல் இருக்கும். குமிழை மயிரிழை மயிரிழையாகத் திருப்புங்கள். வாத்து கத்துவதுபோல் ஒரு சத்தம் கேட்கும். இன்னும் துளி திருப்பினால் அது மனிதக் குரலாக மாறும். பூமியின் மறுபக்கத்தில் அவருக்கு அப்போது விடிந்துகொண்டிருக்கலாம். அவசரமாக அழையுங்கள். சற்று நேரத்தில் அவர் பக்கத்தில் வெயில் ஏறி, குரல் இரைச்சலுக்குள் அமிழ்ந்துவிடும்.