ஒரு பல்பு எரித்த சாமுராய் படம்

1928 மார்ச். கியோட்டோவில் ஷோசோ மகினோவின் வீட்டில் படத்தொகுப்பு நடந்துகொண்டிருந்தது. ‘ஜப்பானிய சினிமாவின் தந்தை’ என்று பேர் வாங்கியவர், தன் ஐம்பது வயதை ஒட்டிப் பெருஞ்செலவில் எடுத்த ஊமைப்படம். கதை ஜப்பானில் எல்லாருக்கும் மனப்பாடம்: 1701-ல் தங்கள் பிரபு அசானோ வயிற்றைக் கிழித்துச் சாகும்படி ஆனதற்காக, 47 சாமுராய்கள் ஏறத்தாழ இரண்டு வருடம் பொறுத்திருந்து பழிவாங்குகிறார்கள். பிறகு, ஒருவர் தவிர, அனைவருக்கும் அதே சாவு.

வேலை நடுவில், மூடி இல்லாத பல்பின் சூடு பிலிமில் ஏறியது. குப்பென்று பற்றிக்கொண்டது. நெகடிவில் கணிசமான பகுதி சாம்பல். மிச்சத்தை ஒட்டித்தான் படத்தை வெளியிட்டார்கள்.

ஒரு பல்புச் சூட்டுக்கா இவ்வளவு? ஆமாம். அந்தக் காலத்து பிலிம் நைட்ரோசெல்லுலோஸால் ஆனது. பஞ்சை நைட்ரிக் அமிலமும் கந்தக அமிலமும் கலந்த கலவையில் ஊறவைத்தால் கிடைப்பது. அதில் நைட்ரஜன் சற்றுக் கூடினால் வெடிமருந்து. சற்றுக் குறைத்துக் கற்பூரம் சேர்த்து இளக்கினால் கண்ணாடி போல் தெளிந்த, வளையும் பட்டை. கற்பூரமேதான்! தீக்கு இதைவிடப் பொருத்தமான கூட்டாளி கிடைக்காது.

150 டிகிரி செல்சியஸை ஒட்டிய சூடே பற்றவைக்கப் போதும். அப்புறம்தான் உண்மையான சிக்கல். விறகு எரிய வெளிக்காற்றின் ஆக்சிஜன் வேண்டும், அதனால் போர்வையைப் போட்டு மூடினால் அணையும். நைட்ரேட் பிலிமின் மூலக்கூறுக்குள்ளேயே ஆக்சிஜன் இருக்கிறது. மூடினாலும் எரியும், தண்ணீருக்குள் அமுக்கினாலும் எரியும். கூடவே நைட்ரஜன் ஆக்சைடு, கார்பன் மோனாக்சைடு என்று விஷப்புகை வேறு.

தீயில் சிக்காத நைட்ரேட் சுருளும் தப்பிப்பதில்லை. நாளாக ஆக அது நைட்ரஜன் டை ஆக்சைடைக் கக்கும். காற்றின் ஈரத்தோடு சேர்ந்து அது அமிலமாகும், அந்த அமிலம் பிலிமை இன்னும் வேகமாக அரிக்கும், மேலும் வாயு வரும். இறுக மூடிய டப்பாவில் வாயு வெளியேற வழியில்லாததால் இது இன்னும் மோசம். அப்படிப்பட்ட டப்பாவைத் திறந்தால் மூக்கைத் துளைக்கும் நெடி. முதலில் வெள்ளித் துகள்களால் ஆன உருவம் மங்கும்: வாள் ஓங்கிய கை இருக்கும், முகம் இருக்காது. பிறகு சுற்றுகள் பாகு போல் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், நுரை தள்ளும், கடைசியில் பழுப்புத் தூள். இந்த நிலையில் அது தானாகப் பற்ற 40 டிகிரியே போதும்.

கோடக் நிறுவனம் நைட்ரேட் பிலிம் தயாரிப்பதை 1951-ல்தான் கைவிட்டது. மகினோ அவ்வளவு காலம் இருக்கவில்லை. தீ விபத்துக்கு மறு வருடமே இறந்துபோனார்.